வாசகர் கேள்வி – பதில்: தீவின் பெயர் கொண்ட இசைத்தட்டு

சென்ற இதழில் தொண்டி வாசகர் ஒருவர், ‘தங்களை மிகவும் வியக்க வைத்த வெளிநாட்டு இசைத்தட்டு எது?’ என்று கேட்டிருந்தார். ஜெர்மனியின் ‘கேன்’ என்ற ராக் இசைக்குழு 1971இல் வெளியிட்ட ‘டாகோ மாகோ’ என்று ஒரே வரியில் விடை சொல்லி நகர்ந்துவிட்டேன். அந்த ஒற்றை வரி பலரை உறுத்தியிருக்கிறது. சிலர் கைப்பேசியில் தேடிக் கேட்டுவிட்டு, ‘ஐயா, இதில் என்ன இருக்கிறது?’ என்று கேட்டு எழுதியிருக்கிறார்கள். கேட்டவர்களுக்கு விடை சொல்ல வேண்டியது என் கடன் என்பதால், இந்த இதழின் பக்கங்களை முழுவதும் அந்த ஒரு தட்டுக்கே ஒதுக்கிவிட்டேன்.

‘டாகோ மாகோ’ என்றால் என்ன பொருள்? ஜெர்மன் சொல்லா? – பாம்பன் வாசகர்

ஜெர்மன் சொல் அன்று. ஸ்பெயின் நாட்டுக்கு உரிய இபிசா தீவின் கிழக்குக் கரையை ஒட்டி ஒரு சின்னஞ்சிறு தீவு இருக்கிறது. அதன் பெயர்தான் தாகோமாகோ. மண்டபத்திலிருந்து தூத்துக்குடி வரை வரிசையாகக் கிடக்கும் 21 தீவுகளில் ஒன்றான நல்லதண்ணித் தீவின் பெயரைக் கொலோன் நகரத்து இசைக்குழு ஒன்று தன் தட்டுக்கு வைத்துக்கொண்டால் நமக்கு எப்படி இருக்குமோ, இபிசாக்காரர்களுக்கும் அப்படித்தான் இருந்திருக்கும். பெயரை நம்பித் தட்டுக்குள் அலையோசையைத் தேடாதீர்கள். அது முழுக்க முழுக்கக் கடலில்லாத ஊரில், ஒரு பழைய கோட்டை மாளிகைக்குள் உருவானது.

இவர்கள் யார், இதை எப்படிப் பதிவு செய்தார்கள் என்பதை விளக்கமாக எழுத முடியுமா? – கீழக்கரை, கல்லூரி மாணவி ஒருவர்

குழு 1968இல் கொலோனில் தொடங்கியது. தொடங்கியவர்கள் வாலிபப் பருவத்து வேகத்தில் கிட்டாரைத் தூக்கியவர்கள் அல்லர். முப்பது வயதை எட்டிக்கொண்டிருந்த, முறையாக இசை பயின்றவர்கள். ஆர்கன் வாசித்த இர்மின் ஷ்மிட் மேடையில் இசைக்குழுக்களை நடத்தப் பயிற்சி பெற்றவர். பள்ளி நாள்களில் தம் ஆசிரியர்களின் நாஜிக் கடந்த காலத்தைப் பள்ளி இதழில் வெளிப்படுத்தியதற்காக வெளியேற்றப்பட்டவர். பாஸ் கிட்டார் வாசித்த ஹோல்கர் ஷூகாய் 1938இல் டான்சிக் நகரில் பிறந்து, போர் முடிந்தபோது குடும்பத்தோடு ஊரை இழந்து, இளமையில் வானொலி பழுதுபார்க்கும் கடையில் வேலை செய்தவர். இருவரும் மின்னணு இசையின் முன்னோடிகளில் ஒருவரான கார்ல்ஹைன்ஸ் ஷ்டாக்ஹவுசனிடம் பாடம் கேட்டவர்கள். டிரம்ஸ் வாசித்த யாக்கி லீபெட்சைட் ஜாஸ் மேடைகளில் பழகி வந்தவர். கிட்டார் வாசித்த மிகாயேல் கரோலி மட்டும் ஏறத்தாழப் பத்து வயது இளையவர். சுவிட்சர்லாந்தில் ஷூகாய் இசை கற்பித்தபோது அவரிடம் படித்த மாணவர். ஆனால் ராக் இசை என்று ஒன்று இருக்கிறது, அதைக் காது கொடுத்துக் கேளுங்கள் என்று ஆசிரியருக்குப் பாடம் நடத்தியவர் அந்த மாணவர்தான்.

அந்தத் தலைமுறை ஜெர்மானியர்களுக்கு ஒரு விசித்திரமான நெருக்கடி இருந்தது. தந்தையர் காலத்துப் பாட்டைத் தொட அவர்களுக்கு மனம் வரவில்லை. வானொலியில் ஒலித்த சர்க்கரைப் பாட்டுகள் குமட்டின. அமெரிக்கரையும் ஆங்கிலேயரையும் பார்த்துப் பாடினால் அது நகலாகத்தான் இருக்கும். கையில் ஒன்றுமில்லாத நிலையிலிருந்து தொடங்க வேண்டியிருந்தது என்பதை, அவர்கள் வறுமையாகக் கருதாமல் வசதியாகக் கருதினார்கள்.

கொலோனுக்கு அருகே நோர்வெனிஷ் என்ற ஊரில் உள்ள கோட்டை மாளிகையைக் கலைப்பொருள் சேகரிப்பாளர் ஒருவர் வைத்திருந்தார். அவர் வாடகை வாங்காமல் குழுவை அங்கே தங்க விட்டார். 1970இன் இறுதியிலிருந்து 1971இன் தொடக்கம் வரை அங்கேதான் ‘டாகோ மாகோ’ பதிவாயிற்று. இங்கே ஒரு தொழில்நுட்பச் செய்தியைச் சொல்லியாக வேண்டும். அதே காலத்தில் லண்டனின் பெரிய ஒலிப்பதிவுக் கூடங்களில் எட்டு தடங்கள், பதினாறு தடங்கள் கொண்ட இயந்திரங்கள் வந்துவிட்டன. அங்கே டிரம்ஸை ஒரு நாளும் பாட்டை மறு வாரமும் பதிவு செய்து, பிழையை மட்டும் பின்னர் திருத்திக்கொள்ளலாம். கேன் குழுவிடம் இருந்ததோ இரண்டே தடங்கள் கொண்ட நாடா இயந்திரம். பாடகர் டாமோ சுசுகியையும் சேர்த்து ஐந்து பேரும் ஒரே நேரத்தில் இசைத்தாக வேண்டும். யாருடைய ஒலி ஓங்க வேண்டும், யாருடையது தாழ வேண்டும் என்பதை மைக்கின் தூரத்தையும் கையின் அழுத்தத்தையும் வைத்து அந்த இடத்திலேயே முடிவு செய்தாக வேண்டும். ஒருவர் மற்ற நால்வரையும் கேட்காமல் வாசித்தால் பதிவு முழுவதும் வீண்.

இப்படி அவர்கள் மணிக்கணக்கில் வாசித்துக்கொண்டே இருப்பார்கள், நாடா ஓடிக்கொண்டே இருக்கும். பிறகு ஷூகாய் சவர பிளேடை எடுப்பார். நாடாவை வெட்டி ஒட்டும் இந்த வேலையைக் கணினித் திரையில் மட்டும் பார்த்தவர்களுக்காகச் சொல்கிறேன்: நாடா நொடிக்கு 19 சென்டிமீட்டர் ஓடினால், ஒரு நொடி இசை என்பது ஏறக்குறைய ஒரு சாண் நீளப் பழுப்பு நாடா. தாளத்தின் அடி விழும் இடத்தைக் கையால் நாடாவை முன்னும் பின்னும் நகர்த்திக் காதால் கண்டுபிடித்து, பின்புறம் பென்சிலால் குறியிட்டு, இணைப்பு உறுத்தாமல் இருக்கச் சாய்வாக வெட்டி, அடுத்த துண்டோடு ஒட்ட வேண்டும். இந்தத் தட்டில் உள்ள மிக நீளமான பாட்டு பதினெட்டரை நிமிடம். அந்த வேகத்தில் அது 200 மீட்டருக்கு மேற்பட்ட நாடா. அரை விரற்கடை பிசகினால் தாளம் நொண்டும். மணிக்கணக்கான வாசிப்பிலிருந்து எது நிற்க வேண்டும், எது குப்பைக்குப் போக வேண்டும் என்று தீர்மானித்த அந்த பிளேடுதான், என் கணிப்பில், இந்தத் தட்டின் ஆறாவது இசைக்கலைஞர். ‘தோன்றியபடி வாசித்துத் தள்ளியிருக்கிறார்கள்’ என்று நினைப்பவர்கள் பாதியைத்தான் பார்த்திருக்கிறார்கள்.

ஏழே பாடல்கள், இரண்டு தட்டுகள், மொத்தம் 73 நிமிடம். ஒற்றைத் தட்டாக வெளிவந்திருக்க வேண்டியதை இரட்டைத் தட்டாக வெளியிட வேண்டும் என்று வற்புறுத்தியவர், இர்மினின் மனைவியும் குழுவின் மேலாளருமான ஹில்டகார்ட் ஷ்மிட். அவர் பிடிவாதம் பிடித்திராவிட்டால் கோணங்கித்தனமான பின்பாதி நமக்குக் கிடைத்தே இருக்காது.

பதினெட்டு நிமிடம் ஒரே தாளம். எங்கள் ஊரில் கரைவலை இழுக்கும்போது பாடும் அம்பாவும் இப்படித்தான். அதைவிட இதில் என்ன உயர்வு? – மண்டபம் வாசகர், கடல்தொழில் செய்பவர்

உயர்வு என்று நான் சொல்லவே மாட்டேன். ஒப்பீடு மிகப் பொருத்தமானது. நீங்கள் சொல்லும் பாட்டு ‘ஹாலேலூவா’. முதல் தட்டின் பின்பக்கம் முழுவதையும் அது ஒன்றே அடைத்துக்கொண்டிருக்கிறது. லீபெட்சைட் ஓர் அடியைப் பிடிக்கிறார். இறுதி வரை அதை விடுவதே இல்லை. அதன்மேல் கிட்டார் வருகிறது, போகிறது. ஆர்கன் மூட்டமாகக் கவிகிறது, விலகுகிறது. பாடுபவர் முணுமுணுக்கிறார், கத்துகிறார், அதே தட்டின் முந்தைய பாடல்களின் பெயர்களையே வரியாக்கி உளறுகிறார். அடி மட்டும் அசையவில்லை.

இந்த மனிதர் அதற்கு முன் வாசித்தது கட்டற்ற ஜாஸ். சீரான தாளமே கூடாது என்பது அங்கே எழுதப்படாத விதி. ‘கட்டற்றது’ என்று பெயர் வைத்துக்கொண்டு, ஓர் அடியைத் திரும்ப வாசிக்கக்கூட அனுமதிக்காத இடத்தில் என்ன சுதந்திரம் இருக்கிறது என்று சலித்துத்தான் அவர் வெளியேறினார். ஒரே மாதிரி வாசிக்க வேண்டும் என்று யாரோ ஒருவர் அவரிடம் ஒரு நிகழ்ச்சியில் சொன்னதாகவும், அதை அவர் வசவாக எடுத்துக்கொள்ளாமல் வாக்காக எடுத்துக்கொண்டதாகவும் குழுவினர் பின்னாளில் சொல்வதுண்டு.

உங்கள் ஒப்பீட்டில் ஓர் இடத்தில் மட்டும் மாறுபடுகிறேன். கரைவலையில் இரண்டு பக்கத்துக் கயிற்றையும் இழுக்கும்போது முதலில் பாட்டு நிதானமாக இருக்கும். மீன் சேரும் வலைப்பையான மடி கரையை நெருங்க நெருங்க அம்பா துரிதப்படும், குரல் ஏறும், ஏனென்றால் மீன் தப்பிவிடக் கூடாது. லீபெட்சைட்டின் தாளத்தில் மடி வருவதே இல்லை. பத்தாவது நிமிடத்தில் ‘இதோ வேகம் கூடப்போகிறது’ என்று உடம்பு எதிர்பார்க்கிறது, கூடுவதில்லை. கூடாது என்று உடம்பு ஒப்புக்கொண்ட பிறகுதான் மற்ற ஒலிகள் காதில் விழத் தொடங்குகின்றன. முதல் ஐந்து நிமிடம் கேட்டு நிறுத்தியவர்கள் குறை சொல்வதில் எனக்கு வியப்பில்லை.

இதை நான் முதலில் கேட்ட கதையையும் சொல்லிவிடுகிறேன். தொண்ணூறுகளில், கப்பலில் வேலை பார்த்த என் அத்தை மகன் 90 நிமிட ஒலிநாடா ஒன்றில் முழுத் தட்டையும் ஏற்றிக்கொண்டு பாம்பனில் எங்கள் வீட்டுக்கு வந்தார். ‘மச்சான், இதைக் கேட்டுவிட்டுத் திட்டாதே’ என்று முன்ஜாமீனும் வாங்கிக்கொண்டார். அன்றிரவு மின்சாரம் இல்லை. பேட்டரியில் ஓடிய பெட்டி. ‘ஹாலேலூவா’ பாதியைத் தாண்டியதும் தாளம் மெல்ல மெல்லத் தளர்ந்தது, பாடகரின் குரல் கிணற்றுக்குள் இறங்கியது, கிட்டார் ஓலமிட்டது. எவ்வளவு துணிச்சலான முடிவு என்று நான் மெய்ம்மறந்து கிடந்தேன். மறுநாள் புதுப் பேட்டரி போட்டுக் கேட்டபோதுதான், அந்தத் துணிச்சல் முழுவதும் தீர்ந்துபோன பேட்டரியுடையது என்று தெரிந்தது. ஆனாலும் சொல்கிறேன், தளராத தாளம் எவ்வளவு அரிது என்பதை எனக்குக் கற்பித்தது அந்தத் தளர்ந்த இரவுதான். அந்த நாடாவின் இரு பக்கங்களிலும் பாட்டு முடிந்தபின் ஏழெட்டு நிமிடம் வெற்று நாடா ஓடும். அதன் இரைச்சலுக்கும் வெளியே வாடைக்காற்றின் இரைச்சலுக்கும் எனக்கு வேறுபாடு தெரிந்ததில்லை.

மூன்றாம் பக்கத்தில் உள்ள பாட்டில் ‘ஓம்’ ஒலிக்கிறதே, நம்மிடமிருந்து எடுத்ததா? – இராமேசுவரம் வாசகர்

நேராக எடுத்ததன்று, சுற்றுவழியில் போய்ச் சேர்ந்தது. பாட்டின் பெயர் ‘ஆம்ன்’. ஓம் என்பதை ஆங்கிலேய மாந்திரீக எழுத்தாளர் அலிஸ்டர் குரோலி தம் விருப்பப்படி நீட்டி எழுதிய வடிவம் அது. பதினேழரை நிமிடம் ஓடும் அந்தப் பதிவில் வழக்கமான பாடகர் பாடவில்லை. ஆர்கன் வாசிக்கும் இர்மின் ஷ்மிட்தான் அந்த ஒற்றைச் சொல்லை அடிவயிற்றிலிருந்து இழுத்து இழுத்து ஓதுகிறார். கோயில் பிராகாரத்தில் கேட்கும் ஓங்காரத்தின் அமைதியை அதில் எதிர்பார்க்க வேண்டாம். நள்ளிரவில் கேட்டால் குலை நடுங்கும்.

அது உருவான விதம் சுவையானது. இயந்திரம் பழுதாகி எல்லோரும் காத்திருக்கும் இடைவேளைகளில், பதிவு நடக்கவில்லை என்று எண்ணி மற்றவர்கள் விளையாட்டாகக் கருவிகளைத் தட்டிக்கொண்டிருப்பார்கள். ஷூகாய் அவர்களுக்குத் தெரியாமல் இன்னொரு நாடாவை ஓடவிட்டுவிடுவார். இவற்றுக்கு ‘இடைப்பதிவுகள்’ என்று பெயர். இரண்டாம் தட்டின் பெரும்பகுதி இத்தகைய பதிவுகளிலிருந்து வெட்டி எடுக்கப்பட்டது. ஒரு நாயின் குரல்கூட உள்ளே அகப்பட்டிருக்கிறது. அதையும் அவர் வெட்டி எறியவில்லை.

பாடுபவர் ஜப்பானியர் என்கிறார்கள். அவர் பாடுவது எந்த மொழி? – தேவிபட்டினம் வாசகர்

கொஞ்சம் ஆங்கிலம், கொஞ்சம் ஜப்பானியம், மீதி எந்த நாட்டிலும் வழங்காத மொழி. டாமோ சுசுகி 1950இல் பிறந்தவர். பதினெட்டு வயதளவில் ஜப்பானை விட்டுக் கிளம்பி ஐரோப்பாவில் ஊர் ஊராகத் திரிந்தவர். 1970இல் மியூனிக் நகரத் தெருவில் அவர் தனியே பாடிக்கொண்டிருந்ததை, ஒரு காபிக் கடையில் அமர்ந்திருந்த ஷூகாயும் லீபெட்சைட்டும் பார்த்தார்கள். அதற்குமுன் குழுவில் பாடிய அமெரிக்கரான மால்கம் மூனி நாடு திரும்பிவிட்ட நேரம். அன்றிரவு நிகழ்ச்சிக்கு ஒத்திகையே இல்லாமல் சுசுகியை மேடையேற்றினார்கள். வந்திருந்தவர்களில் பெரும்பாலோர் எழுந்து போய்விட்டார்கள். ‘ஓ யா’ பாட்டின் தொடக்கத்தில் மொழியே புரியவில்லை என்று நீங்கள் குறிப்பிட்டிருப்பது சரிதான். அங்கே அவர் குரல் பின்னிருந்து முன்னாக, தலைகீழாக ஓடுகிறது.

பாட்டை எழுதியவர் யார் என்ற இடத்தில் ஐந்து பெயரும் போட்டிருக்கிறதே, பங்கு எப்படி? – தங்கச்சிமடம் வாசகர்

ஐவரும் சமம் என்பதுதான் அதன் பொருள். நம் கரையில் படகுக்கு ஒரு பங்கு, வலைக்கு ஒரு பங்கு கழித்துத்தான் ஆளுக்குப் பங்கு வரும். இங்கே படகுப் பங்கே கிடையாது. வெட்டி ஒட்டிய ஷூகாய்க்கும் பாட்டில் அதே ஒரு பங்குதான்.

‘கிரவுட்ராக்’ என்பது எந்த வகை? – திருப்புல்லாணி வாசகர்

அது வகையே அன்று. ஆங்கில இதழ்கள் ஒட்டிய சீட்டு. ஜெர்மானியர் விரும்பி உண்ணும் புளித்த முட்டைக்கோசை வைத்து, போர்க்காலத்தில் எதிரியை இகழ ஆங்கிலம் பேசுவோர் வைத்த பெயர் ‘கிரவுட்’. அதைக் கலைஞர்கள் பலரும் ரசிக்கவில்லை. கேன், ஃபௌஸ்ட், நொய் ஆகிய குழுக்களை ஒரே சாக்கில் கட்டுவது விற்பவருக்கு வசதி, கேட்பவருக்கு இடைஞ்சல்.

ஐம்பது ஆண்டுக்குப் பிறகும் பேசும் அளவுக்கு இது எதை மாற்றியது? வெளிவந்தபோதே கொண்டாடப்பட்டதா? – இராமநாதபுரம் வாசகர்

வெளிவந்தபோது இங்கிலாந்திலும் பிரான்சிலும் ஒரு சிறு கூட்டம் கவனித்தது. குழுவுக்குப் பரவலான புகழையும் பணத்தையும் தந்தது இந்தத் தட்டன்று. தொலைக்காட்சித் துப்பறியும் தொடர் ஒன்றுக்கு அவர்கள் போட்ட ‘ஸ்பூன்’ என்ற சிறு பாட்டு. அந்தப் பாட்டு இடம்பெற்ற 1972ஆம் ஆண்டுத் தட்டின் அட்டையில் ஒரு வெண்டைக்காய் டப்பாவின் படம் இருக்கும். பெயரே துருக்கி மொழியில் ஏஜியன் கடற்கரை வெண்டைக்காய்தான். இதற்குள் அவர்கள் கோட்டையை விட்டு வைலர்ஸ்விஸ்ட் என்ற ஊரில் ஒரு பழைய திரையரங்குக்குக் குடிபெயர்ந்து, எதிரொலியை அடக்கப் படைவீரர்களின் பழைய மெத்தைகளைச் சுவரெங்கும் அறைந்திருந்தார்கள். சினிமாக் கொட்டகை கல்யாண மண்டபமாவதைப் பார்த்த நமக்கு இது புதிதாகத் தோன்றாது.

தாக்கம் பின்னர்தான் தெரிந்தது. எழுபதுகளின் இறுதியில் இங்கிலாந்தில் பங்க் இசை அடங்கியபின் எழுந்த குழுக்கள் இதைத் தேடிப் பிடித்தன. ‘தி ஃபால்’ குழு 1985இல் ‘நான் டாமோ சுசுகி’ என்ற பொருளில் ஒரு பாட்டே வெளியிட்டது. இந்தத் தட்டில் உள்ள ‘மஷ்ரூம்’ பாட்டை ‘ஜீசஸ் அண்ட் மேரி செயின்’ குழு எடுத்துப் பாடியது. 2016இல் ‘எ டிரைப் கால்ட் குவெஸ்ட்’ என்ற ஹிப்ஹாப் குழு ‘ஹாலேலூவா’வின் ஒரு துண்டை வெட்டித் தன் பாட்டில் பொருத்தியது.

அந்தக் கடைசிச் செய்தியில்தான் எனக்கு ஆர்வம் அதிகம். வாசித்ததை வெட்டித் துண்டைப் புதுப் பாட்டாக்குவது ஹிப்ஹாப்பின் அடிப்படை வேலை. பிளேடால் அதைச் செய்தவரின் பாட்டு, 45 ஆண்டு கழித்து, கணினியால் அதே வேலைக்கு உள்ளாகிறது. ஷூகாய் 1960களின் இறுதியிலேயே, ஷ்டாக்ஹவுசனின் கொலோன் வானொலிக் கூடத்துக்குள் இரவில் ஓசைப்படாமல் நுழைந்து, வியட்நாமியப் பெண்கள் பாடிய படகுப் பாட்டின் பதிவை நாடாவில் சுழலவிட்டு ஒரு தட்டு உருவாக்கியவர். ‘பிறர் குரலைக் கேளாமல் எடுத்தது நியாயமா?’ என்று நீங்கள் கேட்டால், இன்றைய அளவுகோலில் நியாயமில்லை என்றே சொல்வேன்; அந்தப் பெண்களின் பெயர் உறையில் இல்லாதது எனக்கு உறுத்தல்தான்.

குறையில்லாத தட்டு என்றும் நான் சொல்லவில்லை. ‘பீக்கிங் ஓ’ பதினொன்றரை நிமிடத்தில் பாதியை பிளேடு மறந்துவிட்டது என்பது என் எண்ணம். மலிவான தாளப் பெட்டி பதறி ஓட, சுசுகி பிதற்றும் பகுதியில் எத்தனையோ முறை எழுந்து தண்ணீர் குடிக்கப் போயிருக்கிறேன்.

கரோலி 2001இலும், லீபெட்சைட்டும் ஷூகாயும் 2017இலும், சுசுகி 2024 பிப்ரவரியிலும் மறைந்தார்கள். சுசுகி 1973இல் குழுவை விட்டு விலகியவர். பின்னாளில் ஊர் ஊராகப் போய், அந்தந்த ஊர்க் கலைஞர்களோடு ஒத்திகையில்லாமல் மேடையேறி அங்கேயே பாட்டை உருவாக்குவதையே வாழ்க்கையாக வைத்துக்கொண்டார். மியூனிக்கின் அந்த முதல் இரவை அவர் கடைசி வரை விடவில்லை.

எங்களிடம் ஒரு கிட்டார், ஒரு தவில், ஒரு கைப்பேசி இருக்கின்றன. நான்கு பேர் இருக்கிறோம். இப்படி முயலலாமா? – தேவிபட்டினம், பிளஸ் டூ மாணவர்கள்

தாராளமாக முயலுங்கள் தம்பிகளே. கைப்பேசியை அறையின் நடுவில் வைக்காதீர்கள். தவில் எல்லாவற்றையும் விழுங்கிவிடும். தவில்காரர் வாசலுக்கு வெளியே திண்ணையில் உட்காரட்டும், கிட்டார் கைப்பேசிக்குப் பக்கத்தில் இருக்கட்டும். ஐந்து நிமிடம் பதிவு செய்து கேட்டுவிட்டு, யார் எவ்வளவு தள்ள வேண்டும் என்று இடத்தை மாற்றுங்கள். இரண்டு தட இயந்திரத்தோடு கோட்டைக்குள் அவர்கள் செய்ததும் இதே வேலைதான். தவில்காரர் தனி ஆவர்த்தனத்தை மறந்து, ஒரே நடையை அரை மணி நேரம் பிடிக்க ஒப்புக்கொள்ள வேண்டும். அவரைச் சம்மதிக்க வைப்பதுதான் கடினம்.

அரை மணி நேரத்தில் நான்கு நிமிடம் தேறினால் மிகுதி. எந்த நான்கு என்பதை அன்றே முடிவு செய்யாதீர்கள். ஒரு வாரம் கழித்துக் கேட்டு வெட்டுங்கள். இடையில் டீ வந்து நீங்கள் பேசிச் சிரிக்கும்போதும் பதிவை நிறுத்த வேண்டாம். கைப்பேசியில் இடம் போதாவிட்டால் பழைய படங்களை அழித்துக்கொள்ளுங்கள்.